யார் பார்ப்பதற்காக?

2020 நவம்பர் கடைசி வாரத்தில் மாடல் ஹலீமா ஏடன் தன் பழைய படங்களை ஒவ்வொன்றாக எடுத்து இன்ஸ்டாகிராமில் போட்டார். மாடல்கள் வழக்கமாகச் செய்வதுதான். ஆனால் இவர் படங்களின் மேல் தீர்ப்பும் எழுதியிருந்தார். இதில் தலையில் இருப்பது சொந்த ஹிஜாப், அதை மாற்றச் சொல்லி யாரும் கேட்கவில்லை, இது சரி. இதில் தலையைச் சுற்றிக் கட்டியிருப்பது ஜீன்ஸ். பாவாடையும் நீள அங்கியும் மட்டுமே உடுத்திவந்த பெண் இதற்கு எப்படிச் சம்மதித்தாள்? படப்பிடிப்புக்காகத் தவறவிட்ட தொழுகைகளையும், ஓட்டல் அறையில் தனியாக அழுததையும் எழுதினார். பழைய வழியில் இனி இந்தத் தொழிலில் இல்லை என்று அறிவித்தார். அப்போது அவருக்கு வயது 23.

விட்டுவிட்டுப் போன இடம் சிறியதல்ல. 2017 பிப்ரவரியில் நியூயார்க் பேஷன் வாரத்தில் முதன்முதலாக ரேம்ப்பில் நடந்தவர், அந்தப் பருவத்திலேயே மிலானில் மேக்ஸ் மாராவுக்கும் அல்பெர்த்தா ஃபெரெட்டிக்கும் நடந்தார். ஜூனில் வோக் அரேபியாவின் அட்டை. மறுமாதம் அமெரிக்காவின் அல்யூர் அட்டை. 2018 மே மாத பிரிட்டிஷ் வோக் அட்டையில் நின்ற ஒன்பது மாடல்களில் ஒருவர். 1916 முதல் வரும் அந்த இதழில் ஹிஜாபுடன் அட்டையில் இடம்பெற்ற முதல் பெண். 2019ல் ஸ்போர்ட்ஸ் இல்லஸ்ட்ரேட்டட் பத்திரிகையின் நீச்சலுடை இதழுக்காக, உடம்பு முழுவதையும் மூடும் புர்கினியில், கென்யாவின் வாட்டாமு கடற்கரையில் படமெடுத்துக்கொண்டார்.

விலகல் செய்தி வந்ததும் இரண்டு தரப்புகள் அதைத் தத்தம் கட்சிக்குச் சாட்சியாக இழுத்துக்கொண்டன. மார்க்கம் வென்றது, பேஷன் தோற்றது என்றார்கள் சிலர். திறமையுள்ள ஒரு பெண் மறுபடியும் வீட்டுக் கட்டுப்பாட்டுக்குள் போய்விட்டாள் என்று வருந்தினார்கள் வேறு சிலர். இரண்டு பேச்சிலும் ஹலீமா இல்லை. அவர் எழுதியதைப் படித்தால் மார்க்கத்துக்கும் மேற்குலகுக்கும் நடந்த சண்டை எதுவும் அதில் தென்படவில்லை. அதைவிடப் பழைய, அதைவிடக் கடினமான ஒரு கேள்வியே தெரிகிறது. பிறர் கண்ணில் படுவதையே கூலிக்குச் செய்யும் ஒருவர், இறைவனுக்காக மட்டுமே செய்கிற ஒன்றை அதே உடம்பில் வைத்துக் காப்பாற்ற முடியுமா?

ஹலீமா 1997ல் பிறந்தது கென்யாவின் வடமேற்கில், வறண்ட துர்க்கானா பகுதியில் உள்ள ககூமா அகதி முகாமில். சூடான் போரில் தப்பி நடந்தே வந்த சிறுவர்களுக்காக 1992ல் தொடங்கிய முகாம் அது. பிறகு சோமாலியாவின் உள்நாட்டுப் போரிலிருந்து ஓடிவந்தவர்களும் அங்கே சேர்ந்தார்கள். ஹலீமாவின் தாய் அப்படி வந்தவர்களில் ஒருவர். மகளுக்கு ஆறேழு வயதிருக்கும்போது குடும்பம் அமெரிக்காவுக்குக் குடியேறியது. முதலில் மிசௌரி மாநிலத்தின் செயின்ட் லூயிஸ், பிறகு மின்னசோட்டாவின் செயின்ட் கிளவுட். அமெரிக்காவில் சோமாலியர்கள் அதிகமாக வாழும் மாநிலம் மின்னசோட்டா.

பள்ளியில் மாணவர்கள் ஓட்டுப் போட்டு அவரைப் பள்ளி விழாவின் ராணியாக, அதாவது 'ஹோம்கமிங் குவீன்' ஆகத் தேர்ந்தெடுத்தார்கள். கிரீடத்தோடு தோழிகள் வீட்டுக்கு வந்தபோது நடந்ததைப் பின்னாளில் பிபிசி பேட்டியில் அவரே சொல்லியிருக்கிறார். அம்மா அந்தக் கிரீடத்தை உடைத்துவிட்டார். படிப்பைக் கவனிக்காமல் சிநேகிதமும் அழகிப் போட்டியும்தான் உனக்குப் பெரிதாகிவிட்டது என்பது அவருடைய கோபம். போரிலிருந்து பிள்ளையை மீட்டுக் கொண்டுவந்த ஒரு தாய், படிப்பு ஒன்றுதான் பறிபோகாத சொத்து என்று நம்பியதில் என்ன வியப்பு?

அதன் பிறகும் மகள் 2016 நவம்பரில் மிஸ் மின்னசோட்டா யுஎஸ்ஏ போட்டிக்குப் போனார். தலையில் ஹிஜாப். நீச்சலுடைச் சுற்றில் புர்கினி. அந்தப் போட்டியில் அப்படி வந்த முதல் பெண் அவர். அந்த நேரத்தை நினைவுபடுத்திக்கொள்ள வேண்டும். அந்த ஆகஸ்ட்டில்தான் பிரான்சின் கடற்கரை ஊர்கள் பல புர்கினியைத் தடை செய்தன. நாட்டின் உச்ச நிர்வாக நீதிமன்றம் மாதக் கடைசியில் ஓர் ஊரின் தடையை நிறுத்திவைத்தது. செப்டம்பரில் செயின்ட் கிளவுட்டின் வணிக வளாகம் ஒன்றில் சோமாலிய இளைஞர் ஒருவர் பத்துப் பேரைக் கத்தியால் குத்தினார். ஹிஜாப் அணிந்த பெண்கள் எல்லாரையும் ஊர் சந்தேகத்தோடு பார்த்த காலம். அந்த ஊர்ப் பெண் மேடையேறினார். அரையிறுதிக்கும் வந்தார். பட்டம் கிடைக்கவில்லை, ஆனால் படங்கள் உலகம் சுற்றின. பேஷன் உலகின் மூத்த ஆசிரியர் கரீன் ராய்ட்ஃபெல்ட் கண்ணில் பட்டன. ஐஎம்ஜி மாடல்ஸ் நிறுவனம் ஒப்பந்தம் போட்டது.

ஒப்பந்தத்தில் ஹலீமா கேட்டு வாங்கிய நிபந்தனை ஒன்று உண்டு: ஹிஜாபைக் கழற்றச் சொல்லக் கூடாது. உடை மாற்ற மறைவான தனி இடமும் கிடைத்தது. பத்தொன்பது வயதுப் பெண், உலகின் பெரிய மாடலிங் நிறுவனங்களில் ஒன்றிடம் இப்படி ஒரு நிபந்தனையை எழுத்தில் வாங்கியது சாதாரணமல்ல. அவருடைய முதல் ரேம்ப் நடைக்குச் சில வாரங்களுக்கு முன்புதான், 2017 ஜனவரி 27 அன்று, சோமாலியா உட்பட ஏழு நாட்டு மக்கள் அமெரிக்காவுக்குள் நுழையத் தடை விதித்து அதிபர் டிரம்ப் கையெழுத்திட்டிருந்தார். பேஷன் உலகம் அந்த நேரத்தில் ஒரு முகத்தைத் தேடியது. அகதி, சோமாலியர், முஸ்லிம், ஹிஜாப் அணிந்தவர், அமெரிக்கக் குடிமகள். எல்லாம் சேர்ந்த ஒரே முகம் வாசலில் நின்றது.

முகத்தைத் தேடுவது, பிறகு அந்த முகத்துக்கு ஒரு கதை பூட்டுவது, இரண்டும் இந்தத் தொழிலின் பழைய பழக்கம். 1975ல் நைரோபி பல்கலைக்கழகத்தில் படித்துக்கொண்டிருந்த இமான் என்ற சோமாலியப் பெண்ணைப் புகைப்படக்காரர் பீட்டர் பியர்ட் கண்டெடுத்தார். இமானின் தந்தை தூதரக அதிகாரி. இமானுக்கு ஐந்து மொழிகள் தெரியும். ஆனால் நியூயார்க் பத்திரிகைகளுக்கு பியர்ட் சொன்ன கதையில் அவர் காட்டில் மாடு மேய்த்துக்கொண்டிருந்த, வெளியுலகம் அறியாத பெண். விமானத்திலிருந்து இறங்கிய இமானைச் சூழ்ந்த நிருபர்கள் அந்தக் கதையைத்தான் பார்த்தார்கள். இன்னொரு சோமாலியர் வாரிஸ் டீரி. சிறுவயதில் கட்டாயத் திருமணத்துக்குத் தப்பி ஓடியவர், லண்டனில் துப்புரவு வேலை செய்தவர், 1987ல் பிரெல்லி நாள்காட்டியில் இடம்பெற்றுப் புகழடைந்தார். அவர் கதையைத் தன் கையில் எடுத்துக்கொண்டார். பெண்களின் பிறப்புறுப்பைச் சிதைக்கும் சடங்கு தனக்கும் நடந்ததை 1997ல் வெளியே சொல்லி, ஐநாவின் சிறப்புத் தூதராக அதற்கெதிராகப் பேசினார். அந்தக் கதையைச் சொல்லச் சொல்லி யாரும் அவரைக் கேட்கவில்லை. தொழில் தந்த வெளிச்சத்தைத் தொழில் விரும்பாத இடத்தின் மேல் திருப்பியவர் அவர்.

ஹலீமாவுக்குக் கதை புனைய வேண்டியிருக்கவில்லை. உண்மையே போதுமானதாக இருந்தது. அதனால்தான் ஆபத்து கண்ணுக்குத் தெரியாமல் வந்தது. பொய்க் கதையை மறுத்துவிடலாம். உண்மையான வாழ்க்கையே விற்பனைக்குப் பயன்படும்போது எதை மறுப்பது?

2018ல் அவர் யுனிசெப் தூதரானார். அந்த ஆண்டு பேச்சு நிகழ்ச்சி ஒன்றுக்காக, தான் பிறந்த ககூமா முகாமுக்குத் திரும்பப் போனார். சிறுவயதில் முகாமுக்கு யாராவது பிரமுகர் வந்தால் பிள்ளைகள் அவர்கள் முன்னால் ஆடிப் பாட வேண்டும். இப்போதும் அப்படித்தானா என்று அங்கிருந்த பிள்ளைகளிடம் கேட்டார். ஆமாம், இந்த முறை உங்களுக்காக ஆடுகிறோம் என்றார்கள். இதையும் பிபிசி பேட்டியில் அவரே சொன்னார். அந்தப் பதவியிலிருந்தும் விலகிக்கொண்டார். பார்க்கப்படும் பிள்ளையாக இருந்தவர், பார்க்க வரும் பிரமுகராக ஆகிவிட்டார். நடுவில் ஒன்றும் மாறவில்லை. ஒரு மனசாட்சிக்கு இதைவிடப் பெரிய அடி இருக்க முடியாது.

ஒப்பந்தம் என்ன ஆனது? அது மீறப்படவில்லை என்பதுதான் இந்தக் கதையின் மையம். ஹிஜாபைக் கழற்றச் சொல்லி யாரும் கட்டாயப்படுத்தவில்லை. ஆனால் ஒவ்வொரு படப்பிடிப்பிலும் அது கொஞ்சம் மாறியது. கழுத்து தெரிந்தது. துணிக்குப் பதில் வேறு பொருள்கள் தலையில் ஏறின. ஸ்டைலிஸ்ட்களுக்கு அது வடிவமைக்கும் ஒரு பரப்பு; தலையில் எதையாவது சுற்றிவிட்டால் நிபந்தனை நிறைவேறியது. கடைசிக் காலத்தில் அட்டைப் படங்களில் தன்னையே தனக்கு அடையாளம் தெரியவில்லை என்றார் ஹலீமா. துணிக்கு ஒப்பந்தம் போட்டதால் துணி தப்பியது. துணி எதற்காகவோ, அது தப்பவில்லை. கதவுக்குப் பூட்டு போட்டுச் சுவரைத் திறந்து விட்ட வீடு மாதிரி.

இதை விளங்கிக்கொள்ள, பாகிஸ்தானில் பிறந்த மானிடவியலாளர் சபா மஹ்மூத் 2005ல் வெளியிட்ட 'பக்தியின் அரசியல்' என்ற ஆய்வு உதவும். 1990களில் கெய்ரோவின் பள்ளிவாசல்களில் கூடி மார்க்கம் பயின்ற பெண்களோடு பழகி எழுதியது. அந்தப் பெண்கள் முக்காட்டைப் பற்றிப் பேசிய விதம் அவரை யோசிக்க வைத்தது. ஏற்கெனவே உள்ளே இருக்கும் நாணத்தை வெளியே காட்டும் அடையாளமாக அவர்கள் அதைக் கருதவில்லை. உடுத்தி உடுத்தித்தான் நாணம் உள்ளே வளர்கிறது என்றார்கள். தினமும் ஐந்து வேளை தொழுவது எப்படி ஒரு மனத்தைப் பழக்குகிறதோ அப்படி. அவர்களுக்கு முக்காடு ஒரு பயிற்சி.

பேஷன் உலகத்துக்கு அது ஒரு செய்தி. எங்கள் அட்டையில் எல்லாருக்கும் இடமுண்டு என்று சொல்லும் செய்தி. செய்தி ஒரு நொடியில் போய்ச் சேர்ந்துவிடும், பயிற்சிக்கு ஆயுள் வேண்டும். தொழுகை நேரம் பயிற்சியின் பகுதி, செய்திக்கு அது தேவையில்லை. படத்தில் தொழுகை தெரியாது. எனவே படப்பிடிப்பு அட்டவணையில் அதற்கு இடமில்லாமல் போனதில் ஆச்சரியப்பட ஒன்றுமில்லை. யாரும் கெட்ட எண்ணத்தோடு செய்யவுமில்லை. ஹலீமா வருந்தியது ஹிஜாபின் அளவு குறைந்ததற்காக மட்டுமல்ல. துணியையும் தொழுகையையும் சேர்த்துக் கட்டியிருந்த நூல் அறுந்ததற்காக.

இந்த இடத்தில் இமாம் கஸ்ஸாலியை நினைக்காமல் இருக்க முடியாது. 1111ல் மறைந்த அந்தப் பேரறிஞரின் 'இஹ்யா உலூமித்தீன்' நூலின் பகுதிகள் தமிழிலும் கிடைக்கின்றன. தமிழ் முஸ்லிம் வீடுகளில் அவர் பெயர் பழக்கமானது. பதவி ஆசைக்கும் முகஸ்துதிக்கும் அவர் இஹ்யாவில் தனியாக ஒரு பகுதியே ஒதுக்கியிருக்கிறார். முகஸ்துதி என்றால் இறைவனுக்காகச் செய்ய வேண்டியதை மனிதர் கண்ணுக்காகச் செய்வது. மறைவான இணைவைப்பு என்றே அதை மார்க்க அறிஞர்கள் எச்சரிக்கிறார்கள். மது, வட்டி, களவு இவற்றைச் செய்பவனுக்குத் தான் செய்வது தெரியும். முகஸ்துதி செய்பவன் தொழுதுகொண்டிருப்பான், தானம் கொடுத்துக்கொண்டிருப்பான். அதனால்தான் அதைக் கண்டுபிடிப்பது கடினம் என்கிறார் கஸ்ஸாலி.

இவ்வளவு கண்டிப்பாகப் பேசும் அவரே, வழிபாட்டை வெளிப்படையாகச் செய்யலாம் என்றும் அனுமதிக்கிறார். மற்றவர்கள் பார்த்துப் பின்பற்றுவார்கள் என்றால் வெளிப்படையாகச் செய்வதே மேலானதாகக் கூட இருக்கலாம். ஹலீமா ஆரம்பத்தில் சொன்ன காரணம் இதுதான். தன்னைப் போன்ற பெண் பிள்ளைகள் பத்திரிகையைத் திறந்தால் தங்களைப் போன்ற ஒருத்தியைப் பார்க்க வேண்டும். அவருடைய சிறுவயதில் அப்படி ஒரு படமும் இருக்கவில்லை. நியாயமான நிய்யத், அதாவது நியாயமான உள்நோக்கம். அதில் குறை காண எனக்கு மனம் வரவில்லை.

ஆனால் கஸ்ஸாலி அனுமதியோடு ஒரு சோதனையையும் வைக்கிறார். மக்கள் பின்பற்றுவதற்காகத்தான் வெளியே காட்டுகிறாய் என்றால், உன்னைப் போன்ற இன்னொருவரைப் பார்த்து அவர்கள் பின்பற்றட்டும், நீ மறைவாக இரு, கூலி உனக்கும் சமமாகக் கிடைக்கும் என்று சொன்னால் உன் மனம் ஒப்புமா? ஒப்பாவிட்டால் நீ தேடியது மக்களின் நன்மையல்ல, உன் இடம்.

பேஷன் உலகம் இந்தச் சோதனையில் ஆரம்பத்திலேயே தோற்றுவிடும். காரணம், அது ஹலீமாவை வாங்கியது 'முதல்' என்ற சொல்லுக்காக. முதல் ஹிஜாப் போட்டியாளர், அட்டையில் முதல் ஹிஜாப், நீச்சலுடை இதழில் முதல் புர்கினி. முதல் என்பது ஒருவருக்குத்தான் பொருந்தும். இரண்டாவதாக வரும் பெண்ணால் அந்தச் செய்தியைத் தர முடியாது, அவளுக்கு அந்த மதிப்பும் இல்லை. ஹலீமாவின் மனம் முறிந்த இடங்களில் ஒன்று துல்லியமாக இங்கேதான் இருக்கிறது. அவருக்கு உடை மாற்ற மறைவிடம் எப்போதும் இருந்தது. ஆனால் அவருக்குப் பின்னால் வந்த, ஹிஜாப் அணிந்த இளைய மாடல்களில் சிலருக்குக் கழிப்பறையைத் தேடிக்கொள்ளச் சொன்னார்கள். மற்ற இளம் பெண்கள், சமையல்காரர்களும் உதவியாளர்களும் போய்வரும் இடத்தில் எல்லார் முன்னாலும் உடை மாற்றினார்கள். வழி காட்டத்தானே நின்றோம், வழியில் வந்தவளுக்கு என்ன கிடைத்தது என்று அவர் பார்த்தார். தனக்குக் கிடைத்தது உரிமை அல்ல, சலுகை என்று தெரிந்தது.

இந்த விலகலை ஒரு பெண்ணின் தனிப்பட்ட பக்தி என்று சுருக்கிவிட முடியாது என்று நான் நினைப்பதற்கு இதுவே காரணம். அடுத்தவளுக்குக் கிடைக்காததைத் தான் மட்டும் வைத்துக்கொள்ள ஒரு மனசாட்சி மறுத்தது. இதில் மார்க்கமும் நியாயமும் வேறு வேறல்ல.

இன்னொன்றும் உண்டு. குர்ஆனின் நூர் அத்தியாயத்தில் நாணத்தைப் பற்றிய கட்டளை 30ஆம் வசனத்தில் தொடங்குகிறது. அது முதலில் ஆண்களைப் பார்த்து, பார்வையைத் தாழ்த்திக்கொள்ளச் சொல்கிறது. அதற்கடுத்த வசனத்தில்தான் பெண்களுக்கான கட்டளை வருகிறது. பார்க்கப்படுபவளைப் பற்றிப் பேசுவதற்கு முன் பார்ப்பவனுக்குப் பொறுப்பைச் சுமத்தும் வரிசை இது. நம் ஊர் மேடைகளில் இந்த வரிசையைத் தலைகீழாக்கிப் பேசுகிறவர்கள் ஏராளம். மாடலிங் தொழில் இன்னும் ஒரு படி மேலே போகிறது. பார்ப்பவனை முழுமையாக விடுதலை செய்துவிடுகிறது. அவன் விலை கொடுத்து இதழ் வாங்கிவிட்டான், அவனிடம் கேட்க ஒன்றுமில்லை. கேட்பதெல்லாம் படத்தில் நிற்பவளிடம்தான்: எவ்வளவு காட்டுவாய், எவ்வளவு மறைப்பாய்? ஹலீமாவைக் கொண்டாடியவர்களும் கண்டித்தவர்களும் நான்கு ஆண்டுகள் அவருடைய கழுத்தையும் நெற்றியையும் அளந்துகொண்டிருந்தார்கள். மூடியதால் அந்த அளத்தல் குறையவில்லை. மூடியவளைப் பார்ப்பதும் ஒரு பசியாகிவிட்டது.

அவரைக் கண்டிப்பவர்கள் கேட்கும் ஒரு கேள்விக்கு நேர்மையாகப் பதில் சொல்ல வேண்டும். இறைவனுக்காக விலகுகிறவர் அதை லட்சக்கணக்கானவர்கள் பார்க்கும் இன்ஸ்டாகிராமில் ஏன் அறிவிக்க வேண்டும்? விலகலும் ஒரு காட்சிதானே? கேள்வியில் பலம் இருக்கிறது. மனிதர்களுக்காக ஒரு நற்செயலை விட்டுவிடுவதும் முகஸ்துதியே என்று சூஃபி முன்னோர் சொல்லிவைத்திருக்கிறார்கள். கஸ்ஸாலியின் சொந்த வாழ்க்கையே இதற்கு நல்ல உரைகல்.

1091ல் பாக்தாதின் நிஜாமிய்யா கல்விக்கூடத்தின் தலைமை ஆசிரியர் பதவி அவருக்குக் கிடைத்தது. அன்றைய இஸ்லாமிய உலகில் ஓர் அறிஞர் எட்டக்கூடிய உச்சம் அது. முந்நூறு மாணவர்கள். அரசவையில் மரியாதை. நான்கு ஆண்டுகள் கழித்துத் தன் நிய்யத்தைச் சோதித்துப் பார்த்தபோது, கற்பிப்பதற்குப் பின்னால் இறைவன் இல்லை, புகழும் பதவியும்தான் இருக்கின்றன என்று கண்டதாக அவரே தன் வரலாற்றில் எழுதுகிறார். ஆறு மாதம் போவதா இருப்பதா என்று தவித்தார். ஒருநாள் பாடம் நடத்த வாய் திறந்தால் நாக்கு எழவில்லை. உணவு இறங்கவில்லை. மருத்துவர்கள் கைவிட்டார்கள், நோய் உள்ளத்தில் இருக்கிறது என்றார்கள். 1095 இறுதியில் சொத்தைப் பகிர்ந்து கொடுத்துவிட்டு பாக்தாதை விட்டார். மக்காவுக்குப் போவதாகச் சொல்லிவிட்டு, திரும்பும் எண்ணமே இல்லாமல் டமாஸ்கஸுக்குப் போனார்.

கவனிக்க வேண்டும்: அவர் மறைத்தார். ஹலீமா மறைக்கவில்லை. இந்த வேறுபாட்டில் ஹலீமா தாழ்ந்துபோகிறார் என்று நான் கருதவில்லை. கஸ்ஸாலியின் பாடங்கள் அவர் போன பிறகு பாக்தாதில் விற்பனைக்குத் தொங்கிக்கொண்டிருக்கவில்லை. ஹலீமாவின் படங்கள் தொங்கிக்கொண்டிருந்தன. அவற்றைப் பார்த்து எத்தனையோ பெண் பிள்ளைகள் இதுதான் வழி என்று நம்பிக்கொண்டிருந்தார்கள். சத்தமில்லாமல் போயிருந்தால் படங்கள் மட்டும் பேசிக்கொண்டிருக்கும். எந்தப் படம் தன்னுடையது, எந்தப் படம் தன்னுடையதல்ல என்று ஒவ்வொன்றாகப் பிரித்துச் சொன்னது அந்தப் பிள்ளைகளுக்குச் செலுத்த வேண்டிய கடன். தவறான வழியைக் காட்டியவர் அதே இடத்தில் நின்று திருத்துவது மார்க்கத்திலும் முறைதான். பழியையும் அவர் வெளியே தள்ளவில்லை. படப்பிடிப்புத் தளங்களில் முஸ்லிம் பெண் ஸ்டைலிஸ்ட்கள் இல்லாததைச் சொன்னார். கூடவே, வாய்ப்புக்கு ஆசைப்பட்டு எது பணயம் வைக்கப்படுகிறது என்று பார்க்காமல் போனதற்குத் தன்னைத்தான் குறை சொல்ல வேண்டும் என்றும் எழுதினார். தொழிலை விடும்படி அம்மா வெகுநாள் முன்பே கேட்டதையும், அப்போது தான் சண்டைக்கு நின்றதையும் ஒத்துக்கொண்டார்.

கஸ்ஸாலியின் கதை டமாஸ்கஸில் முடியவில்லை. 1106ல் நிஷாப்பூர் நிஜாமிய்யாவில் மறுபடியும் கற்பிக்க வந்தார். அப்படியானால் போனது எதற்கு என்று கேட்டவர்கள் அன்றும் இருந்திருப்பார்கள். அவர் தந்த விளக்கம்: வெளித்தோற்றத்தில் இது பழைய இடத்துக்குத் திரும்புவதுதான், ஆனால் நான் திரும்பவில்லை, முன்பு கற்பித்தது பதவியைத் தேடித் தரும் அறிவை, இப்போது கற்பிப்பது பதவியை விடச் செய்யும் அறிவை.

ஹலீமாவும் 2021ல் துணிகளின் உலகத்துக்கு வந்தார். மொடனிசா என்ற துருக்கிய நிறுவனத்தோடு சேர்ந்து முக்காடுகளையும் தலைப்பாகைத் துணிகளையும் வடிவமைத்தார். முஸ்லிம் பெண்கள் அன்றாடம் உடுத்துவதற்கான துணி விற்கும் நிறுவனம் அது. படங்களிலும் நின்றார். அவர் விலகியதைக் கொண்டாடியவர்களில் சிலருக்கு இது ஏமாற்றம். மாடலிங் முழுவதுமே கூடாது என்பது அவர்கள் கட்சி, அதற்கும் மார்க்கத்தில் வாதம் உண்டு. ஆனால் வேலையின் தன்மை மாறியிருப்பதைக் கணக்கில் எடுக்க வேண்டும். முன்பு அவர் தலையில் என்ன வைப்பது என்று அடுத்தவர் முடிவு செய்தார். மொடனிசாவில் அந்தத் துணியையே அவர் முடிவு செய்தார். அது இன்னொரு பெண்ணின் தலைக்குப் போகிறது. அவள் அதைப் போட்டுக்கொண்டு கடைக்குப் போவாள், தொழுவாள், அவளை யாரும் படம் எடுக்கப்போவதில்லை. கஸ்ஸாலியின் சோதனையை இங்கே வைத்தால் மனம் ஓரளவு அமைதியாகப் பதில் சொல்லும் என்று தோன்றுகிறது. ஓரளவுதான். இதிலும் வியாபாரம் இருக்கிறது, பெயர் இருக்கிறது. நிய்யத்தை ஒருமுறை சரிசெய்துவிட்டு விட்டுவிட முடியாது என்பதில் இமாமுக்குச் சந்தேகமே இல்லை.

விலகாமல் இருந்தவர்களையும் சேர்த்துப் பார்க்காவிட்டால் இந்தப் பேச்சு ஒருபக்கமாகிவிடும். சோமாலிய வம்சத்து நார்வேப் பெண் ரவ்தா முகமது ஹிஜாபோடு மாடலிங்கில் தொடர்ந்தார். 2021 மார்ச் இறுதியில் பிரான்சின் செனட், பதினெட்டு வயதுக்குக் கீழ்ப்பட்ட பெண்கள் பொது இடங்களில் ஹிஜாப் அணியக் கூடாது என்ற திருத்தத்துக்கு வாக்களித்தபோது, 'என் ஹிஜாப் மேல் கைவைக்காதே' என்று உள்ளங்கையில் எழுதி முகத்தருகே வைத்து ஒரு படம் போட்டார். அது பல நாடுகளுக்குப் பரவியது. திருத்தம் கடைசியில் சட்டமாகவில்லை. அந்தப் படத்தில் ரவ்தா பார்க்கப்படுவதைப் பயன்படுத்தினார், வாரிஸ் டீரி செய்ததைப் போல. ஆகவே பார்க்கப்படுவது மட்டுமே பாவம் என்று சொல்லிவிட முடியாது. பதினான்கு வயதுப் பெண் ஒருத்தி எதை உடுத்துவது என்று செனட் சபை தீர்மானிக்கும்போது, கண்ணில் படும்படி நிற்பதும் ஒரு கடமையாகலாம்.

அதே 2021ல் தொடங்கிய வோக் ஸ்காண்டிநேவியா இதழ் ரவ்தாவை பேஷன் ஆசிரியராக எடுத்தது. எந்த உடை படத்துக்குப் போகிறது, அதை யார் தலையில் யார் கட்டுகிறார், எப்படிக் கட்டுகிறார் என்பதெல்லாம் முடிவாகும் நாற்காலி அது. ஹலீமா நான்கு ஆண்டுகள் அட்டைகளில் இருந்தபோது, எதிர்ப்பக்கத்தில் அந்த நாற்காலியில் ஹிஜாப் அணிந்த ஒருவரை அவர் பார்க்கவே இல்லை.